கம்பளி – ஒரு போர்வைச் சொல்லின் வரலாறு: சப்ரகமுவத் தோட்டங்களை முன்வைத்து

சொற்களும் வரலாற்றுச் சான்றுகளே. அரசர்தம் பெயர்களும் போர்களும் கொடைகளும் கல்லிலும் செப்பேட்டிலும் பொறிக்கப்பெற்றன. உழைத்து வாழ்ந்த மக்கள் தம்மைப் பற்றி அவ்வாறு பொறித்துவைக்கும் வாய்ப்பினைப் பெற்றாரல்லர். ஆயினும் அவர்கள் உடுத்த துணி, சுமந்த கூடை, பிடித்த கருவி ஆகியவற்றின் பெயர்கள் வாய்மொழியாகத் தலைமுறை தலைமுறையாய் வந்து சேர்ந்துள்ளன. அப்பெயர்களை அவை வழங்கிய இடத்தோடும் காலத்தோடும் பொருத்தி ஆராயும்போது ஏடுகள் கூறாத செய்திகள் சில புலப்படுகின்றன.

இவ்வகையில் நோக்கற்பாலதாய சொற்களுள் ஒன்று ‘கம்பளி’ என்பது. இன்று இச்சொல்லைக் கேட்போர்க்கு ஆட்டுமயிரும் அதனாலாய போர்வையுமே நினைவுக்கு வரும். இலங்கையின் பெருந்தோட்டங்களிலோ அது மழையாடை. இரவில் பாய்மேற் போர்வை. குழந்தையைச் சுற்றும் துணி. சம்பளக் கணக்கில் ஒரு பற்று. தோட்டத்துரைமாரின் ஆங்கிலத்தில் ‘கம்ளி’ என உருமாறி வழங்கியதும் இதுவே. இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்களை உள்ளடக்கிய சப்ரகமுவ மாகாணத்தோடு இச்சொல்லுக்கு இருவகைத் தொடர்பு உண்டு. ஒன்று 19 ஆம் நூற்றாண்டில் தோட்டங்களோடு ஏற்பட்டது. மற்றையது 14 ஆம் நூற்றாண்டில் சிவனொளிபாதமலையைப் பற்றி எழுதிய ஓர் இத்தாலியத் துறவியின் குறிப்பினால் அறியப்படுவது. இவ்விரண்டையும் இணைத்து நோக்குவது இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சொல்லின் தொன்மை

‘கம்பல’ என்னும் வடமொழிச் சொல் மிகப் பழைமை வாய்ந்தது. அதர்வ வேதத்தில் திருமணம் பற்றிய பகுதியிலேயே அது இடம்பெறுகின்றது. பாணினியின் இலக்கணத்தில் கம்பலத்தோடு தொடர்புடைய ‘கம்பல்யம்’ என்னும் சொல்லுக்குத் தனி விதி உண்டு. நூறு பலம் நிறையுள்ள ஆட்டுமயிரை அது குறிக்கும் என்பர் உரையாசிரியர். இலக்கண நூல் ஒன்று நிறையளவைப் பெயராக இதனைப் பதிவுசெய்திருப்பதால், அக்காலத்திலேயே கம்பலம் வாணிகப் பொருளாக இருந்தது என்பது தெளிவு. கௌடலியரின் அர்த்தசாத்திரம் கருவூலத்திற் சேர்க்கத்தக்க பொருள்களை வகுக்குமிடத்துக் கம்பல வகைகள் பலவற்றைக் கூறுகின்றது. எட்டுத் துண்டுகளை இணைத்துச் செய்த கரிய நிறமுடைய நேபாளத்துக் கம்பலம் மழையைத் தடுக்கவல்லது என்பது அந்நூலின் செய்தி. ஆகவே குளிர்காக்கும் போர்வை என்ற பொருளோடு மழைகாக்கும் போர்வை என்ற பொருளும் இச்சொல்லுக்குத் தொடக்கம் முதலே இருந்துவந்துள்ளது எனலாம்.

பௌத்த நூல்களிலும் இச்சொல் பயில்கின்றது. துறவிகளின் ஆடைக்கெனப் புத்தர் அனுமதித்த ஆறு வகைத் துணிகளுள் கம்பலமும் ஒன்று. புத்தர் காலத்துப் பொருள்முதல்வாதச் சிந்தனையாளரான அசிதர், மயிராலாய கம்பலம் அணிந்தமையால் ‘கேசகம்பலர்’ எனப்பட்டார். அணிந்த ஆடையின் பெயர் அணிந்தவரின் பெயராக மாறியமைக்கு இது பழைய எடுத்துக்காட்டு. இச்செய்தி பின்னரும் பயன்படும்.

இச்சொல் ஆரிய மொழிக்கே உரியதுதானா என்பதும் ஆராயப்பட்டுள்ளது. பிரெஞ்சு மொழியியலாளரான ழான் பிசிலுஸ்கி கம்பலம், சிம்பலம், கதலி முதலிய வடமொழிச் சொற்கள் சிலவற்றை ஆராய்ந்து, அவை முண்டா முதலிய ஆஸ்திரோ-ஆசிய மொழிகளிலிருந்து பெறப்பட்டவை என வாதிட்டார். அவருடைய கட்டுரைகள் சில்வேன் லெவி, ஷூல் புளொக் ஆகியோரின் கட்டுரைகளோடு ஆங்கிலத்தில் மொழிபெயர்க்கப்பெற்று 1929 இல் கல்கத்தாப் பல்கலைக்கழகத்தால் வெளியிடப்பட்டன. அவருடைய முடிவு எல்லோராலும் ஏற்கப்பட்டதன்று. எனினும் வேதத்திலே காணப்படும் ஒரு சொல்லும் வேறொரு மக்களிடமிருந்து கடனாக வந்திருக்கலாம் என்னும் உண்மையை அது உணர்த்துகின்றது.

தமிழிற் கம்பலமும் கம்பளியும்

தமிழில் இச்சொல் இரு வடிவங்களில் வழங்குகின்றது. ‘கம்பலம்’ அல்லது ‘கம்பளம்’ என்பது ஒன்று. ‘கம்பளி’ என்பது மற்றொன்று. இரண்டும் ஒரே வேரினவாயினும் அவை சென்று சேர்ந்த இடங்கள் வேறானவை.

கம்பலம் காப்பியங்களிற் செல்வத்தின் அடையாளமாக நின்றது. மணிமேகலையில் இந்திரனுடைய இருக்கை ‘பாண்டு கம்பளம்’ எனப்படுகின்றது. ஆபுத்திரனின் அறச்செயலால் அவ்விருக்கை நடுங்கிற்று என்பது காப்பியக் கதை. பாளி சாதகக் கதைகளிற் சக்கனுடைய இருக்கைக்கும் இதே பெயரே உண்டு. சீவகசிந்தாமணி, நெருப்பை உண்ணும் எலியின் மயிரால் ஆன கம்பலம் ஒன்றைப் பாடுகின்றது. தேவர் இருக்கையும் வேந்தர் விரிப்புமாக வளர்ந்த இப்பொருளின் தொடர்ச்சியே இன்று தலைவர்களை வரவேற்க விரிக்கப்படும் செங்கம்பளம்.

கம்பளியோ ஆயர்களுக்கும் ஏழைகளுக்கும் உரியதாயிற்று. இவ்வடிவில் உள்ள ளகரம் கவனிக்கத்தக்கது. கன்னடம், தெலுங்கு, மராத்தி ஆகிய மொழிகளிலும் இச்சொல் ளகரத்தோடேயே வழங்குகின்றது. எனவே நூல்வழி வந்த வடிவம் கம்பலம் என்றும், தக்காணத்து மேய்ச்சல் மக்களின் வாய்மொழி வழியாக வந்த வடிவம் கம்பளி என்றும் கொள்ள இடமுண்டு. பொருளியல் நிலையும் இதற்குத் துணைநிற்கின்றது. தென்னிந்தியாவிற் குறும்பாட்டின் மயிரை வெட்டி, நூற்று, முரட்டுப் போர்வையாக நெய்தவர்கள் குறும்பர் முதலிய ஆயர் குலத்தவரே. பாவு நூலுக்குப் புளியங்கொட்டைப் பசை ஊட்டி விறைப்பேற்றுவது தக்காணத்துக் கம்பளி நெசவின் வழக்கம். நெருக்கமாக நெய்யப்பட்ட, எண்ணெய்ப்பசை நீங்காத அம்மயிர்த்துணியில் மழைநீர் உடனே ஊறாது, மேலேயே வழிந்தோடும். மழையில் ஆடு மேய்ப்பவனுக்கு அதனினும் தக்க உடை வேறில்லை.

பழந்தமிழ் நிலத்து ஆயனுக்குக் கம்பளி தெரிந்திருந்ததா என்ற வினா இங்கு எழும். நற்றிணையில் இடைக்காடனார் பாடிய 142 ஆம் பாட்டு, மழைநாளிற் பால் விற்கும் இடையனைக் காட்டுகின்றது. அவன் முதுகிலுள்ளது ‘பறி’. அது பனையோலையாலாய பாய் என்பர் உரைகாரர். ஆகத் தமிழகத்துச் சமவெளியில் மழைக்கு ஓலையே முதற் காப்பாக இருந்தது எனக் கருதலாம். இலங்கையிலும் நிலைமை இதுவே. 1681 இல் வெளிவந்த தம் நூலில் றொபேட் நொக்ஸ் என்பார், கண்டி இராச்சியத்து மக்கள் தாளிப்பனையோலையைத் தலைக்கு மேற் பிடித்து மழையிற் சென்றதை விரித்துரைக்கின்றார். ஈரவலயத்திற் செம்மறி வளர்ப்பதற்கு ஏற்ற மேய்ச்சல் நிலம் இல்லை. எனவே இத்தீவிற் கம்பளி என்பது கடல் கடந்து வந்த பொருள். சிங்கள மொழியில் வழங்கும் ‘கம்பிலி’ என்னும் சொல்லும் அவ்வரவின் அடையாளமே.

மழைக்குப் போர்த்தும் உடைக்குத் தமிழ்ப் பேச்சுவழக்கில் இன்னொரு பெயரும் உண்டு. கம்பளியையோ சாக்கையோ ஒரு மூலையை உள்ளே மடித்துக் குல்லாய்போல் தலையில் மாட்டி முதுகில் தொங்கவிடுவதனைக் ‘கொங்காணி’ என்பர். கொங்கு நாட்டிற் ‘கொங்காடை’ என்பர். தெலுங்கிற் கம்பளிக்கு ‘கொங்கடி’, ‘கொங்களி’ என்னும் பெயர்கள் உள்ளன. இவற்றின் ஒலியொப்புமையும் பொருளொப்புமையும் ஆராயத்தக்கவை. மலையகத் தமிழிலும் கொங்காணி என்னும் சொல் வழங்குவது, கோப்பிக் காலத்திற் கடல் கடந்தவர்கள் தங்கள் ஊர்ப் பேச்சையும் உடன் கொணர்ந்தனர் என்பதற்குச் சான்றாகும்.

சிவனொளிபாதமலையும் சுமைகாரரின் மேலாடையும்

பிரான்சிஸ்கன் சபைத் துறவியான ஜொவான்னி மரிஞ்ஞொல்லி பாப்பரசரின் தூதுக்குழுவோடு 1338 இல் அவிஞ்ஞோனிலிருந்து புறப்பட்டுச் சீன தேசம் சென்றார். மீளும் வழியிற் கொல்லத்திலே தங்கினார். பின்னர் இலங்கையிலும் சில காலம் இருக்க நேர்ந்தது. 1353 இல் அவிஞ்ஞோன் திரும்பிய அவர், பொகீமிய வரலாறு ஒன்றை எழுதும் பணியினிடையே தம் பயண நினைவுகளையும் சேர்த்து எழுதினார். ஆதாமின் மலையெனப் பிற நாட்டார் அழைத்த சிவனொளிபாதமலையும் அதனைச் சார்ந்த ஆதாமின் தோட்டமும் அந்நினைவுகளிற் பெரிதும் இடம்பெறுகின்றன. அம்மலையின் தென்மேற்குச் சரிவு இன்றைய இரத்தினபுரி மாவட்டத்துக்குள் அமைவது.

ஆதாமுக்கு இறைவன் தோலாடை கொடுத்தான் என விவிலியம் கூறும். அது தோலன்று, நாராக இருக்கவேண்டும் என்பது மரிஞ்ஞொல்லியின் கருத்து. அதற்குச் சான்றாக அவர் காட்டுவது தென்னை மட்டையினடியிற் காணப்படும் வலைபோன்ற நார். அங்கும் இந்தியாவிலும் அந்நாரினால் மழைக்கால மேலாடை செய்வர் என்றும், சுமையையும் பல்லக்கையும் தோளிற் சுமக்கும் எளிய மக்கள் அதனை அணிவர் என்றும், அம்மக்களைக் ‘கமல்’ என அழைப்பர் என்றும் அவர் எழுதுகின்றார். அத்தகைய கமல் துணி ஒன்றைத் தாமே அணிந்து சென்று புளோரன்ஸ் நகரத்துத் தேவாலயத்தில் விட்டதாகவும் கூறுகின்றார். திருமுழுக்கு யோவான் அணிந்ததும் ஒட்டகமயிர் ஆடையாக இராது, இத்தகைய முரட்டுத் துணியாகவே இருந்திருக்கும் என்பது அவருடைய முடிவு. ஒட்டகத்தைக் குறிக்கும் ‘கமெல்’ என்னும் ஒலியே அவரை அவ்வெண்ணத்துக்கு இட்டுச்சென்றது என்பது வெளிப்படை.

ஹென்றி யூலும் ஏ. சி. பேர்னலும் தொகுத்து 1886 இல் வெளியிட்ட ஆங்கிலோ-இந்தியச் சொல்லகராதியான ‘ஹொப்சன்-ஜொப்சன்’ இக்குறிப்பைக் கம்பளி என்னும் தலைப்பின் கீழேயே சேர்த்துள்ளது. சுமைகாரனைக் குறிக்கும் ‘ஹம்மால்’ என்னும் அரபுச் சொல்லோடும் ஒட்டகத்தோடும் கம்பளியைத் தொடர்புபடுத்தும் விந்தையான முயற்சி இதுவென அவ்வகராதி கருதுகின்றது. சொற்பிறப்பு என்ற அளவில் மரிஞ்ஞொல்லி மயங்கினார் என்பது உண்மையே. ஆனால் வரலாற்று மாணவனுக்கு அம்மயக்கமும் பயனுடையது. அவர் கண்ட துணி ஆட்டுமயிரன்று, தென்னைநார். இருந்தும் அதற்கு அவர் கேட்டறிந்த பெயர் கம்பளியோடு ஒத்தது. ஆகவே மூலப்பொருளைக் குறித்த சொல், சுமைகாரர் மழைக்கு அணியும் மேலாடை என்ற பயனைக் குறிக்கலாயிற்று எனக் கொள்ள இயலும். அத்துணியின் பெயரே அதனை அணிந்தோரின் பெயருமாயிற்று. கேசகம்பலருக்கு நேர்ந்தது சுமைகாரருக்கும் நேர்ந்தது.

பின்னர் வந்த போர்த்துக்கேயர் இச்சொல்லைக் ‘கம்பொலிம்’ எனத் தம் மொழியில் ஏற்றனர். அம்மொழியில் அதன் பொருள் மேலாடை. தமிழர் போர்த்துக்கேயரிடமிருந்து சப்பாத்து, மேசை, அலுமாரி முதலிய சொற்களைப் பெற்றமை பலரும் அறிந்தது. அவர்கள் இந்திய மக்களிடமிருந்து மழையாடை ஒன்றின் பெயரைப் பெற்றுச்சென்றமை அவ்வளவாக அறியப்படவில்லை. ஆங்கிலேயர் தம் மேலாடைக்கு வழங்கும் ‘குளோக்’ என்னும் சொல், மணி எனப் பொருள்படும் இடைக்கால இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்தது. மணிபோன்ற வடிவினால் வந்த பெயர் அது. கம்பொலிமோ, பிறருடைய ஆடையாக இருந்து தம்முடையதாக்கப்பட்டது.

கணக்கேட்டிற் கம்பளி

1820களிலும் 1830களிலும் இலங்கையிற் கோப்பித் தோட்டங்கள் பெருகத் தொடங்கின. தென்னிந்தியக் கிராமங்களிலிருந்து கங்காணிமார் வழியாகத் தொழிலாளர் கொணரப்பட்டனர். 1869 இற் கண்டறியப்பட்ட இலைநோயினாற் கோப்பி அழிந்தது; தேயிலையும், பின்னர் றப்பரும் அவ்விடத்தைப் பெற்றன. 1889 இற் சப்ரகமுவ தனி மாகாணமாக்கப்பட்டது. பலாங்கொடை, இறக்குவானைப் பகுதிகளின் உயர்ந்த சரிவுகளிலே தேயிலையும், எட்டியாந்தோட்டை, தெகியோவிட்டை, றுவான்வெல்லை முதலிய களனிப் பள்ளத்தாக்குப் பகுதிகளிலே பெருமளவு றப்பரும் பயிராயின.

தமிழகத்தின் வறண்ட மாவட்டங்களிலிருந்து வந்தவர்களுக்கு இந்நிலத்தின் மழை புதிது. இரத்தினபுரியில் ஆண்டொன்றுக்கு 3,500 மில்லிமீற்றருக்கு மேல் மழை பெய்யும். றப்பர்த் தோட்டத்தில் மழை பெய்தால் பால்வெட்டு நின்றுவிடும். பட்டையில் வடியும் பாலை மழைநீர் அடித்துச் சென்றுவிடும் ஆதலின். தேயிலைத் தோட்டத்திலோ மழை வேலையை நிறுத்துவதில்லை. மழைக்காலத்திலேயே கொழுந்து விரைந்து தளிர்க்கும்; தளிர்த்த கொழுந்து முற்றுவதன்முன் பறிக்கப்படவேண்டும். ஆகவே ஒரே மாகாணத்துள் கம்பளிக்கு இரு வாழ்வு அமைந்தது. தேயிலை மலையில் அது தொழிற்கருவிக்கு ஒப்பான மழையாடை. றப்பர் நிலத்திற் பெரும்பாலும் லயத்து அறையில் இரவுக்குரிய போர்வை.

இக்கம்பளியைத் தோட்ட நிர்வாகம் மொத்தமாகத் தருவித்து வழங்கியது. ஆயினும் அது கொடையன்று. அரிசியின் விலைபோலவே கம்பளியின் விலையும் செக்ரோலிற் பற்றெழுதப்பட்டுச் சம்பளத்திற் கழிக்கப்பட்டது. தொழிலாளர் ஊரிலிருந்து புறப்படும்போதே கங்காணி கொடுத்த முற்பணமும் வழிச்செலவும் கடனாக நின்றன. தோட்டத்திற் பெற்ற பொருள்கள் அக்கடனை வளர்த்தன. ஒரு கூட்டத்தாரின் கடனைத் தீர்ப்பவர்க்கு அக்கூட்டத்தாரை விடுவிக்கத் தயார் எனத் துரை எழுதிக்கொடுத்த சீட்டு ‘துண்டு’ எனப்பட்டது. தோளிலிடும் சிறு துணிக்கும் தமிழில் அதுவே பெயர் என்பது எண்ணத்தக்கது. துண்டு முறை 1921 ஆம் ஆண்டின் சட்டத்தினால் ஒழிக்கப்பட்டது. 1927 ஆம் ஆண்டின் 27 ஆம் இலக்கச் சட்டத்தின்படி குறைந்தபட்ச வேதனம் வகுக்கப்பட்டு 1929 இல் நடைமுறைக்கு வந்தபோது, ஆண் தொழிலாளிக்கு நாளொன்றுக்கு மலைநாட்டில் 54 சதமும் இடைநாட்டில் 52 சதமும் தாழ்நாட்டில் 50 சதமும் விதிக்கப்பட்டன. வாழ்க்கைச் செலவே இவ்வேறுபாட்டின் அடிப்படை. குளிர் கூடிய இடத்திற் போர்வைச் செலவும் கூடும் என்பது சொல்லாமலே விளங்கும்.

இங்கே ‘கூலி’ என்னும் சொல்லின் வரலாறும் ஒப்புநோக்கத்தக்கது. ஆங்கிலத்தில் வழங்கும் அச்சொல்லைக் குசராத்துக் கோலி இனத்தாரின் பெயரிலிருந்து வந்ததெனக் கூறுவாரும், வேலைக்குரிய ஊதியத்தைக் குறிக்கும் தமிழ்ச் சொல்லிலிருந்து வந்ததெனக் கூறுவாரும் உளர். எது எவ்வாறாயினும், தமிழில் ஊதியத்துக்குப் பெயராக இருந்தது தோட்ட ஆட்சியின் மொழியில் மனிதனுக்குப் பெயராயிற்று. ‘கமல்’ துணியை அணிந்தோர் ‘கமல்’ எனப்பட்டமைக்கும் கூலி பெறுவோர் ‘கூலி’ எனப்பட்டமைக்கும் இடையே நான்கு நூற்றாண்டுகளுக்கு மேல் கழிந்திருப்பினும், நிகழ்ந்த செயல் ஒன்றே. சுமப்பவனுடைய பெயரைக் கேட்டறிய வேண்டிய தேவை மற்றவர்க்கு இல்லாதபோது, அவனிடம் கண்ணிற்படும் பொருளே அவனுக்குப் பெயராகிவிடுகின்றது.

படாமும் படங்கும்

தமிழ் மரபிற் போர்வையின் சிறப்புப் பேசப்படும்போதெல்லாம் பேகனின் கொடை நினைவுகூரப்படும். மலைநாட்டுத் தலைவனாகிய அவன் மயிலுக்குத் தன் மேலாடையைக் கொடுத்தான். புறநானூறு அதனைப் ‘படாம்’ என்கின்றது; சிறுபாணாற்றுப்படை ‘கலிங்கம்’ என்கின்றது. மயில் அதனை உடுக்காது என அறிந்தும் கொடுத்தான் என்பதே அக்கொடையின் பெருமையாகக் கொள்ளப்பட்டது.

தோட்டத்துப் பெண்கள் இடுப்பிலிருந்து கால்வரை சுற்றிக் கட்டும் முரட்டுத் துணிக்குப் ‘படங்கு’ என்று பெயர். ஈரச் செடிகளின் உரசலிலிருந்து அது உடலைக் காக்கும். இலங்கைத் தமிழிற் கூடாரத் துணிக்கும் வண்டிகளை மூடும் தடித்த துணிக்கும் அதுவே பெயர். படம், படாம், படங்கு என்பன துணியைக் குறிக்கும் ஒரே சொற்குடும்பத்தைச் சேர்ந்தவை எனக் கருதலாம். சொற்கள் உறவுடையவை, அவை காட்டும் உறவுகள் வேறு. பேகனின் படாம் கணக்கிலெழுதப்படாத கொடை. தோட்டத்துக் கம்பளியோ, போர்த்தும்போதே விலை எழுதப்பட்ட உடை. முன்னதைப் புலவர் பாடினர். பின்னதைக் கணக்கப்பிள்ளை எழுதினார். மலையகத் தொழிலாளரின் முதல் நூற்றாண்டு வரலாற்றுக்கு எஞ்சியுள்ள எழுத்துச் சான்றுகளிற் பெரும்பகுதி இத்தகைய கணக்குகளும் அரச அறிக்கைகளுமே. அவற்றுள் தொழிலாளி தன் குரலிற் பேசுவதில்லை. அக்குரலை வாய்மொழிப் பாடல்களிலேயே தேடவேண்டும் என உணர்ந்த சி. வி. வேலுப்பிள்ளை, மலைநாட்டு மக்களின் பாடல்களைத் தொகுத்து 1983 இல் நூலாக்கினார். பாடல்களுக்குச் செய்யப்பட்டது சொற்களுக்கும் செய்யப்படவேண்டும்.

மறையும் பொருளும் எஞ்சும் சொல்லும்

1939 இல் இந்திய அரசு இலங்கைக்குத் தோட்டத் தொழிலாளர் செல்வதைத் தடைசெய்தது. 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டத்தினால் இம்மக்களுட் பெரும்பாலோர் நாடற்றவராயினர். 1964 ஆம் ஆண்டின் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தின் பின் பல குடும்பங்கள் தமிழகம் சென்றன. 1972 ஆம், 1975 ஆம் ஆண்டுகளின் காணிச் சீர்திருத்தங்களினால் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992 இல் நிர்வாகம் மீண்டும் தனியார் கம்பனிகளிடம் ஒப்படைக்கப்பட்டது. சப்ரகமுவத் தோட்டங்கள் சிங்களக் கிராமங்களிடையே சிதறிக் கிடப்பவை. நுவரெலியா மாவட்டத்திற்போல இங்கு மலையகத் தமிழர் செறிந்து வாழவில்லை. ஆதலால் 1977 இலும் 1981 ஓகத்திலும் நிகழ்ந்த வன்செயல்களின்போது இரத்தினபுரி மாவட்டத்துத் தோட்ட மக்கள் கடுமையாகத் தாக்குண்டனர். இக்காலத்தில் மலையகத்தை விட்டு வவுனியா முதலிய இடங்களுக்குச் சென்று குடியேறியவர் பலர். வறண்ட வன்னி நிலத்தில் மலைமழைக்குரிய சொற்களுக்கு வேலை குறைவு.

எஞ்சியோரிடத்தும் பொருள் மாறிவிட்டது. இன்று கொழுந்து மலையில் மழைக்குப் போர்த்தப்படுவது பெரும்பாலும் பொலித்தீன் விரிப்பே. அது விலை மலிந்தது, நனைந்தாலும் கனப்பதில்லை. நனைந்த கம்பளியின் சுமையைக் கொழுந்துக் கூடையின் சுமையோடு சேர்த்துச் சுமந்தவர்கள் அம்மாற்றத்தை வரவேற்றதில் வியப்பில்லை. பழம்பொருள் மறைகின்றதேயென இரங்குவது வரலாற்று மாணவனுக்குத் தகாது. அப்பொருளோடு இணைந்திருந்த துன்பமும் ஓரளவு மறைகின்றது என்பதனையும் அவன் எண்ணவேண்டும். ஆனால் பொருள் மறையும்போது சொல்லும் பதிவின்றி மறையுமாயின் அது இழப்பே.

இதுகாறும் கூறியவற்றால் மூன்று செய்திகள் பெறப்படுகின்றன. முதலாவது, கம்பளி என்னும் சொல் மூலப்பொருளின் பெயராகவும் பயனின் பெயராகவும் அணிந்தோரின் பெயராகவும் காலந்தோறும் மாறிநின்றது. இரண்டாவது, ஒரே வேரிலிருந்து பிறந்த கம்பளம் அரசவைக்கும் கம்பளி உழைப்பவர் தோளுக்கும் சென்றமை, சொல்லின் பொருளைச் சமுதாயப் பிரிவுகளும் தீர்மானிக்கின்றன என்பதனைக் காட்டுகின்றது. மூன்றாவது, சிவனொளிபாதமலையைப் பற்றி எழுதிய துறவியின் ஏட்டிலும் அதே மலைச்சாரலை அடுத்த தோட்டங்களின் கணக்கேட்டிலும் இச்சொல் சுமைசுமப்போரின் மழையாடையாகவே பதிவாகியுள்ளது.

1862 இல் வெளிவந்த வின்சுலோவின் பேரகராதி யாழ்ப்பாணத்து அறிஞர் பலரின் உழைப்பையும் அடிப்படையாகக் கொண்டது. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் அகராதி அதன் மேலும் விரிந்தது. இவ்விரண்டும் நூல்வழக்கையும் தமிழகத்து, யாழ்ப்பாணத்து வழக்குகளையும் சிறப்பாகப் போற்றின. படங்கும் கொங்காணியும், பெரட்டுக்களமும் செக்ரோலும், துண்டும் பத்துச்சீட்டும் தோட்டத்திலே பெற்ற பொருள்கள் அவற்றைப்போல் முறையாகத் தொகுக்கப்படவேண்டியவை. சொல்லை மட்டும் எழுதினாற் போதாது. எந்தத் தோட்டத்தில், எந்த வயதினர், எந்த வேலையின்போது அதனை வழங்கினர் என்பதும் உடன் எழுதப்படவேண்டும். பலாங்கொடையிலும் இறக்குவானையிலும் எட்டியாந்தோட்டையிலும் கம்பளி போர்த்து மலையேறிய தலைமுறையினர் இன்று முதியோராய் உள்ளனர். பல்கலைக்கழகத் தமிழ் மாணவர் விடுமுறைக் காலத்தில் மேற்கொள்ளத்தக்க பணி இது. அம்முதியோரின் வாழ்நாளுக்குள் செய்து முடிக்கப்படவேண்டிய பணியும் இதுவே.